அமைச்சருக்கு ஒரு விசில்

ரயில் நிலையத்தில் குண்டு வெடித்து நாற்பது வருடம் ஆகியிருந்தது. நிலையத்தின் வாசலில் நடந்த அஞ்சலிக் கூட்டத்தில், முன்வரிசையில் இருந்த நெரீனாவிடம் ரோமிலிருந்து வந்த அமைச்சரின் செயலாளன் குனிந்து பேசினான். அவன் வேலைக்குச் சேர்ந்து இருபது நாள்தான் ஆகிறது.

“அம்மா, எந்த அமைச்சர் வந்து பேசினாலும் நீங்கதான் முதல்ல எதிர்ப்புக் காட்டி விசிலடிப்பீங்களாமே. இந்தத் தடவை வேண்டாமே.”

“குண்டு வச்சவன் நம்ம நாட்டுக்காரன்தான்னு ஊருக்கே தெரியும். வைக்கச் சொன்னவன் யாருன்னு உங்க அமைச்சர் சொல்லப்போறாரா?”

“ரகசியக் கோப்புகளைச் சீக்கிரம் திறப்போம்னு சொல்லுவாரு.”

“ஒன்பது அமைச்சர் சொல்லியாச்சு. திறக்கக் கை இல்லையா அவங்களுக்கு?”

“உங்க வீட்டுக்காரர் இங்கதான் இறந்தாராமே. அமைச்சருக்கு உங்க வேதனை புரியும்மா.”

“புரியாம என்ன, நல்லாவே புரியும்.”

அமைச்சர் மேடையேறி, “கோப்புகள் விரைவில்...” என்றதுமே நெரீனா இரண்டு விரலை வாயில் வைத்து ஊதினாள். கூட்டமே சேர்ந்து ஊதியது. அமைச்சர் காகிதத்திலிருந்து தலையை நிமிர்த்தவே இல்லை.

“உங்களுக்கு இப்படி விசிலடிக்க யாரும்மா கத்துக்கொடுத்தது?” என்று செயலாளன் எரிச்சலுடன் கேட்டான்.

நெரீனா மேடையைக் காட்டினாள்.

“அதோ நிக்கிறானே, அவன்தான். அப்பன் செத்த மறுவருஷம், பத்து வயசுல, இதே இடத்துல கத்துக்கொடுத்தான். அன்னிக்குப் பேசின அமைச்சர் பொய் சொல்றாருன்னு என் பிள்ளைக்குத் தெரிஞ்சிருந்துச்சு.”