பால்செடித் தொட்டி

அமெரிக்காவின் அயோவா மாநிலத்து உச்சிவெயில் வாசற்படியில் கொட்டிக் கிடக்கிறது. படியேறும் வெர்லினின் கை, மனைவி ஆர்லிஸ் வண்ணத்துப்பூச்சிகளுக்காகத் தொட்டியில் வளர்க்கும் புல்வெளிப் பால்செடியை அடியோடு ஒடித்துவிடுகிறது. ஆயுசெல்லாம் சோயா வயலில் அதைக் களையென்று பிடுங்கிய கை அது. விரலிடுக்கில் வெள்ளைப் பால் வழிகிறது. கையிலிருக்கும் தண்டின் இலையில் வண்ணத்துப்பூச்சியின் வரிப்புழு ஒன்று, எதுவும் நடக்காததுபோல் தின்றுகொண்டிருக்கிறது. வலைக்கதவு கிறீச்சிடுகிறது. "மறுபடியுமா?" என்கிறாள் ஆர்லிஸ். "கை தன்னால போயிடுச்சு." "நிலத்தை வித்தாச்சுன்னு அந்தக் கைக்கு இன்னும் யாரும் சொல்லலையாக்கும்!" தண்டை எறியவும் முடியாமல் அவர் விழிக்கிறார். அவள் குனிந்து புழுவைப் பார்க்கிறாள், குரல் இறங்குகிறது. "அது தின்னு முடிக்கட்டும். அசையாம நில்லு, மனுஷா. இன்னைக்கு நீதான் தொட்டி." வயல்காற்று கிளம்புகிறது. வெர்லின் மெல்லத் திரும்பி, காற்றுக்கு முதுகைக் கொடுத்து, புழுவை மறைத்து நிற்கிறார்.