பிணமாக நடித்தவரின் சிரிப்பு

"படம் போடறதுக்கு முன்னாடி அவருகிட்ட ஒண்ணே ஒண்ணு கேட்டுச் சொல்லும்மா" என்று சின்னபொண்ணு இசைவாணியின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

திண்டிவனம் கல்யாண மண்டபத்தில் திரை கட்டியாகிவிட்டது. முன்வரிசையில் பிரெஞ்சு இயக்குநர் எதுவார் லமோன் கைத்தடியோடு உட்கார்ந்திருந்தார்.

அவருக்கு மொழிபெயர்க்கத்தான் இசைவாணி புதுச்சேரியிலிருந்து வந்திருந்தாள். சற்றுமுன் மேடையில் அவரை அறிமுகப்படுத்தியதும் அவள்தான். லமோன் இயக்கியது நாலே படம். இன்று காட்டப்போவது நாலாவது, பக்கத்துக் கிளியனூரில் எடுத்தது. அதற்குப் பிறகு இருபது வருடமாகப் பிறர் படங்களுக்குத் திரைக்கதை எழுதிக் கொடுக்கிறார்.

அந்த நாலாவது படத்தில் பிணமாகப் படுத்தவர் சின்னபொண்ணின் கணவர் மாரியப்பன்.

பிணமாக நடித்தவர் எழுந்து காமிராவைப் பார்த்துச் சிரித்துவிட வேண்டும். அதையும் படம் பிடிக்க வேண்டும். இல்லாவிட்டால் ஆகாது. நம் ஊர் ஷூட்டிங்கில் இது எழுதாத சட்டம். பிரெஞ்சுக்காரருக்கு அது எங்கே தெரியும்? வெளிச்சம் போகிறது, பிலிம் வீணாகும் என்று கிளம்பப் பார்த்தாராம். வேர்க்கடலை போட்டிருந்த மல்லாட்டைக் கொல்லை ஓரத்தில் வேனுக்கு முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டாள் சின்னபொண்ணு. சிரிப்பைப் பிடித்த பிறகுதான் வேன் நகர்ந்தது.

"புடிச்சாங்க, சரி. படத்துல வச்சாங்களா? நாளைக்கிக் காலையில இவருக்கு நெஞ்சுல ஆப்பரேஷன். பொணமாவே காட்டி முடிச்சாங்கன்னா எந்த தைரியத்துல நான் கூட்டிக்கினு போவேன்? சிரிப்பு இல்லன்னா சொல்லிடச் சொல்லு, இப்பவே எழுப்பிக்கினு கிளம்பிடறேன்."

பின்வரிசையிலிருந்து மாரியப்பன் குரல் கொடுத்தார். "அன்னைக்கிப் பொணமா படுத்ததுக்கு பிரியாணி போட்டாங்க. நாளைக்கிப் படுக்கறதுக்குப் பச்சத்தண்ணி கூடக் கிடையாதாம்."

"நீ வாய மூடிக்கினு இருய்யா."

இசைவாணி குனிந்து பிரெஞ்சில் கேட்டாள். லமோன் திரும்பிப் பார்த்தார். சின்னபொண்ணை அடையாளம் தெரிந்துவிட்டது போல, கைகூப்பினார். பிறகு நிதானமாக, நீளமாகப் பேசினார்.

"இருக்காம்மா. கடைசியில வருதாம்."

சின்னபொண்ணு பெருமூச்சு விட்டாள். போகத் திரும்பியவள் நின்றாள்.

"அம்மாம் நேரம் பேசினாரே, வேற இன்னா சொன்னாரு?"

"உங்க வீட்டுக்காரர் நல்லா சிரிச்சார்னு சொன்னார்."

"சிரிக்காம? அப்ப பல்லு இருந்திச்சில்ல."

அவள் போய்க் கணவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். விளக்குகள் அணைந்தன.

லமோன் சொன்னதில் இசைவாணி விட்டது கொஞ்சம்தான்.

செத்தவன் எழுந்து சிரித்தால் படமே கேலியாகிவிடும், வெட்டு என்று பாரீஸில் தயாரிப்பாளர் சொன்னார். வேன் முன்னால் உட்கார்ந்திருந்த அந்தப் பெண்ணின் முகம் மனதிலேயே நின்றதால் இவர் முடியாது என்றுவிட்டார். படம் கேலிதான் ஆனது. அதன் பிறகு இவரை நம்பி யாரும் ஒரு காமிராவைக் கொடுக்கவில்லை.