வேலி தாண்டிய அரிப்பு

"மருந்தெல்லாம் அப்புறம் எழுதுங்க டாக்டரம்மா. இவ அந்த ஊட்டுக்குப் போயிட்டு வாராளா இல்லையான்னு மட்டும் மொதல்ல சொல்லிப்போடுங்க!"

நாற்காலியில் உட்காருவதற்கு முன்பே பாலுசாமி வழக்கைத் தொடங்கிவிட்டார். பின்னால் நின்ற அவர் மனைவி சின்னாத்தாளுக்கு அழுதழுது கண் இரண்டும் சிவந்து கிடந்தன.

தோல் டாக்டர் ரங்கநாயகிக்குச் சிரிப்பு வந்தது. கிணத்துக்கடவில் கிளினிக் போட்டு இத்தனை வருஷத்தில் படையைப் பார்த்தாயிற்று, தேமலைப் பார்த்தாயிற்று. துப்பறியச் சொல்லி ஒருவரும் வந்ததில்லை. ஆனால் அந்த அம்மாளின் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு அடங்கிவிட்டது.

"எந்த வீட்டுக்குங்க?"

"எந்தம்பி மாசாணம் ஊட்டுக்குத்தானுங்க. கெணறு ஒண்ணு, பொதுவு. தோட்டம் ரெண்டு, நடுவுல வேலி. தண்ணி முறைத் தகராறு கோர்ட்டு வரைக்கும் போயிருச்சு. அஞ்சு வருசமாப் பேச்சுவார்த்தை கெடையாது. இப்ப என்னடான்னா, அவன் ஊட்டுலயும் அத்தன பேரும் சொறியறாங்க, எங்க ஊட்டுலயும் சொறியறோம். ஒட்டுவாரொட்டின்னு போன தடவ நீங்கதான சொன்னீங்க? அப்ப யாரு போயி ஒட்டிக்கிட்டு வந்தது?"

டாக்டர் சின்னாத்தாளின் கையைப் பிடித்து, விரல் இடுக்குகளை லென்ஸ் வைத்துப் பார்த்தார். பொடிப்பொடியாகக் கொப்புளங்கள், நடுவில் மயிரிழை போலச் சாம்பல் நிறக் கோடுகள். மணிக்கட்டிலும் அதேதான்.

"ராத்திரி படுத்தா அதிகமாகுதாக்கா?"

"கண்ணு மூட முடியறதில்லீங்க. விடிய விடியச் சொறிஞ்சுக்கிட்டே கெடக்கறமுங்க."

"சந்தேகமே இல்லை, மறுபடியும் அதே சிரங்குதான். ரத்தக் கெடுதலும் இல்லை, கத்தரிக்காய் தின்னு வந்ததும் இல்லை. கண்ணுக்குத் தெரியாத பூச்சி ஒண்ணு தோலுக்குள்ள வளை தோண்டி முட்டை வைக்குது. அதான் அரிப்பு."

"அந்தப் பூச்சி காத்துல பறந்து வந்துருமுங்களா?" சின்னாத்தாள் ஆசையோடு கேட்டாள்.

"பறக்காது, தாவாது. தோலோட தோல் கொஞ்ச நேரமாவது ஒரசணும்."

பாவம், பிடித்துக்கொள்ள அவளுக்கு இருந்தது அந்த ஒரு கொம்புதான். அதையும் டாக்டரே ஒடித்துவிட்டார்.

"கேட்டுக்கிட்டியா?" பாலுசாமி எகிறினார். "அவன் பொண்டாட்டிக்குப் பேன் பாத்தியா, தலை வாரிவுட்டியா, என்ன பண்ணித் தொலச்ச? வேலியத் தாண்டறவங்களுக்கு என்ற ஊட்டுல எடமில்லைன்னு சொன்னனா இல்லையா? இன்னிக்கு உண்மையச் சொல்லலீன்னா இப்படியே பஸ் ஏத்தி உங்கப்பன் ஊட்டுக்கு அனுப்பிப்போடுவேன், ஆமா!"

"என்ற புள்ளைங்க மேல சத்தியமாப் போவலீங்க. அந்த ஊட்டுக் கோழி வந்தாக்கூடத் தொரத்தித்தானுங்க உடறேன்." அவள் மறுபடி அழ ஆரம்பித்தாள்.

டாக்டருக்கு ஒன்று மட்டும் புரியவில்லை. "போன தடவை கொடுத்த மருந்தை எல்லாரும் ஒரே நாள்ல போட்டீங்களா?"

"போட்டமுங்க. குளிச்சுப்போட்டுக் கழுத்துல இருந்து உள்ளங்கால் வரைக்கும், ஒரு எடம் பாக்கியில்லாம. புள்ளைங்களுக்கு நான் பூசிவுட்டேன். எனக்கு மக பூசிவுட்டா. துணிமணி, போர்வையெல்லாம் கொதிதண்ணில அலசி வெயில்ல போட்டேன். பத்து நாள் நல்லாத்தானுங்க இருந்துச்சு. மறுக்கா வந்துருச்சு."

மருந்தும் சரி, போட்ட விதமும் சரி. அப்படியானால் இந்த வீட்டில் யாரோ ஒருவர் அந்த வீட்டு ஆளோடு இன்னமும் ஒட்டி உறவாடுகிறார். இந்த மனிதர் சந்தேகப்படுவதில் தப்பே இல்லை! ஆனால் அதை வாய்விட்டுச் சொன்னால் ஒரு குடும்பம் கெட்டுப்போகும். டாக்டருக்கு மனசு கேட்கவில்லை. பேச்சை மாற்றினார்.

"நீங்க சட்டையைக் கழட்டுங்க, பாக்கலாம்."

"எனக்கெதுக்குங்க? அரிப்புத் தாங்காம மிச்சம் மீதி இருந்த மருந்தக் காலையிலதான் போட்டுக்கிட்டேன்."

"பரவாயில்லை, கழட்டுங்க."

வேண்டா வெறுப்பாகக் கழற்றினார். முதுகில் மருந்து வெள்ளையாகக் காய்ந்திருந்தது. பிடரியில் தொடங்கி இடுப்பு வரை, சுவருக்குச் சுண்ணாம்பு அடித்த மாதிரி, ஒரு இடம் விட்டுப்போகவில்லை.

"பரவாயில்லையேக்கா, முதுகுக்கு நல்லாத்தான் பூசி விட்டிருக்கீங்க."

"நானுங்களா?" சின்னாத்தாள் நிமிர்ந்தாள். "அவரு கெணத்துமேட்டுலயே குளிச்சு, மருந்தையும் அங்கயே போட்டுக்கிட்டுத்தானுங்க ஊட்டுக்கு வருவாரு. மருந்து பூச என்னத் தொடவே உட மாட்டாரே!"

சுற்றி வந்து பார்த்தாள். மேலிருந்து கீழாக அழுத்தி இழுத்த விரல் தடங்கள் பளிச்சென்று தெரிந்தன. அவள் அழுகை நின்றுபோயிற்று. முதுகின் நட்டநடுவில் விரலை வைத்தாள்.

"ஏனுங்க, இந்த எடத்துக்கு உங்க கை எட்டுமாங்க? எங்க, ஒருக்கா எட்டிக் காட்டுங்க பாக்கலாம். எவ பூசிவுட்டா?"

பாலுசாமி கையைப் பின்னால் கொண்டுபோய்ப் பார்த்தார். எட்டவில்லை.

"அட, கத்தாத புள்ள! எவளும் இல்ல, மாசாணந்தான். தண்ணி முறை மாத்தறப்ப தெனமும் ரெண்டு பேரும் அங்கதான் குளிக்கறோம். அவன் முதுக நான் தேச்சுவுடுவேன், என்ற முதுக அவன் தேச்சுவுடுவான்" என்றவர், டாக்டர் பக்கம் திரும்பி அவசரமாகச் சொன்னார்:

"ஆனா ஒரு வார்த்த பேசிக்கறதில்லீங்க டாக்டரம்மா, சத்தியமா!"