எட்டின் இடது பக்கம்

பாரிஸின் லா சப்பலில் தவரத்தினத்தின் தையல் கடைக்குள் காலை வெயில் சேலைச் சரிகைகளில் பட்டுக் கண்ணைக் கூசவைக்கிறது. லக்ஷனா தன் ஜேர்சியை இரண்டு கைகளாலும் விரித்துப் பிடித்திருக்கிறாள். பல்கலைக்கழகப் பெண்கள் அணியில் அமெரிக்கன் ஃபுட்போல் ஆடும் அவளுடைய எண் எட்டு. இப்போது முன்னும் பின்னும் மூன்று இருக்கிறது. வெள்ளைத் துணியில் தைத்த எட்டின் இடது பக்கத்தை மட்டும் கத்தரித்து எடுத்திருக்கிறார்கள்.

"எட்டு சனியன்ரை எண், பிள்ளை," என்கிறாள் அம்மா யோகராணி. "இந்த வருசம் ஒரு மட்ச் வெண்டனியளோ? போனமுறை உன்ரை தோளும் எல்லோ விலகினது."

"மூண்டு எங்கடை அணியிலை எலோடியின்ரை நம்பர், அம்மா! ரெண்டு பேர் ஒரே நம்பரோடை இறங்கேலாது. இண்டைக்குக் கடைசி மட்ச். என்னை வெளியிலை இருத்துவினம்!"

தையல் மெசின் நிற்கிறது. "நீதான் மாத்தச் சொன்னதெண்டு அம்மா சொன்னவா, தங்கச்சி," என்கிறார் தவரத்தினம். "வெட்டின துண்டுகள் கிடைச்சால் உடனை தைச்சுத் தருவன்."

அவர் குனிந்து மெசினடியில் தேடுகிறார். லக்ஷனாவும் முழந்தாளிட்டு ரவிக்கைத் துண்டுகளை அள்ளி அள்ளி வீசுகிறாள். சிவப்பு, மயில் பச்சை, மஞ்சள். வெள்ளை மட்டும் இல்லை. வெளியே பாலத்தின் மேல் மெத்ரோ ரயில் போகிறது, கண்ணாடி அதிர்கிறது. அவள் நிமிர்ந்து பார்க்கிறாள். அம்மாவின் வலது கை பொத்தியபடி இருக்கிறது. விரலிடுக்கில் ஒரு வெள்ளை நூல் தொங்குகிறது.

"கையைத் திறவுங்கோ."

யோகராணி அந்தக் கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோகிறாள்.