அண்ணன் சொன்னார்

"அண்ணா, ஏரி மதகைத் திறக்கப் போறாங்களாமே?"

"யாரும்மா சொன்னது? எல்லாரையும் பேசாம வீட்டுலயே இருக்கச் சொல்லு."

வெள்ளக் கட்டுப்பாட்டு அறையின் அதிகாரியே சொல்கிறார், அதுவும் கூடப்பிறந்தவர். தன்னார்வக் குழுத் தலைவியான தங்கை வீடு வீடாகப் போய்ச் சொன்னாள். மூட்டை கட்டியவர்களும், எதிர்வீட்டுத் தையல்காரர் உட்பட, அவளை நம்பி அவிழ்த்தார்கள்.

மறுநாள் மத்தியானம் மதகு திறந்தது. தெருவில் கழுத்தளவு தண்ணீர். குழுவின் படகுகள் எல்லாரையும் மீட்டன. தையல்காரரை மட்டும் காணவில்லை. அவர் மனைவி தங்கையின் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை.

'பாவம், அண்ணனுக்கே தெரியாமல் மேலிடத்தில் திறந்திருப்பார்கள். அடுத்த தெருவில் அண்ணியும் குழந்தைகளும் என்ன ஆனார்களோ?'

பதறிப்போய் மேட்டுப் பள்ளிக்கூட முகாமில் தேடினாள். ஒரு வகுப்பறையில், பீரோவும் ஃபிரிட்ஜும் சூழ, நனையாத மெத்தையில் அண்ணி உட்கார்ந்திருந்தாள்.

"எப்ப வந்தீங்க அண்ணி?"

"நேத்துக் காலையிலயே. உங்கண்ணன் லாரி அனுப்பினார்."

"என்கிட்ட ஏன் சொல்லலை?"

அண்ணி தலையைக் குனிந்துகொண்டாள்.

"நானும் கேட்டேன்மா. 'அவகிட்ட சொன்னா தெருவையே கிளப்பிடுவா. ரோடு அடைச்சுக்கும், நம்ம லாரி வெளியே வர முடியாது'ன்னார்."