டி.வி.யில் தெரிந்த தவறு

"மானமே போச்சு. நம்ம ஆட்டத்தை டி.வி.யில காட்டினதே பத்து நிமிஷம். அதுக்குள்ள டீச்சரே சொதப்பணுமா?"

ரோனா பொரிந்து தள்ளினாள். ஊர் மன்றத்தில் கூடியிருந்த நடனக் குழு டீயை உறிஞ்சிக்கொண்டு கேட்டது.

அவள் சொன்னதில் பொய் இல்லை. நான்கு ஜோடிகள் எதிரெதிரே நின்று ஆடும் ஆட்டம். வலது கை கொடுத்துச் சுற்ற வேண்டிய இடத்தில் டீச்சர் ஆக்னஸ் இடது கையைக் கொடுத்து எதிர்ப்பக்கம் சுற்றினாள். பின்னால் வந்தவர்கள் முட்டி மோதிக்கொள்ள, ஸ்காட்லாந்தே பார்த்துச் சிரித்தது.

"இருபது வருஷமா 'வலது கை, வலது கை'ன்னு நம்ம உயிரை எடுத்தவ இவ. இனிமே வேற யாராவது சொல்லிக்கொடுக்கட்டும்."

"தப்பு என்னோடதுதான். விலகிக்கிறேன்" என்றாள் ஆக்னஸ். தனிக்கட்டை. வியாழக்கிழமை வகுப்பை விட்டால் அவளுக்கு வேறென்ன இருக்கிறது?

செயலாளர் யூவன் இழுத்தார். "நான் சரியாப் பார்க்கல, ரோனா. அவ்வளவு மோசமாவா இருந்தது?"

"இருங்க, காட்டறேன்."

ரோனா தன் போனில் அந்த இடத்தைத் தேடிப் பிடித்து, மெதுவாக ஓட விட்டாள்.

ஆக்னஸ் முதலில் நீட்டியது வலது கையைத்தான். எதிரே ஆடியவர் இடது கையை நீட்டிவிட்டுத் திகைத்து நின்றார். ஆக்னஸ் சட்டென்று கையை மாற்றி, அவரைப் பிடித்துச் சுற்றிக்கொண்டு போனாள். முகத்தில் சிரிப்பு மாறவில்லை.

எதிரே ஆடியவர் மர்டோ. ரோனாவின் கணவர்.

அவருக்கு மறதி நோயின் ஆரம்பம் என்று டாக்டர் சொன்னதை ரோனா ஊரில் ஒருவரிடமும் சொல்லவில்லை. மர்டோ ஜன்னலோரம் நிம்மதியாக பிஸ்கட் தின்றுகொண்டிருந்தார்.

"எங்கே, காட்டுங்க" என்று யூவன் கையை நீட்டினார்.

ரோனா போனை அணைத்தாள். "காட்ட ஒண்ணுமில்ல. என் வாய்தான் சும்மா இருக்காது. ஆக்னஸே சொல்லிக்கொடுக்கட்டும்."

எல்லாரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

கோப்பை கழுவும் இடத்தில் ஆக்னஸ் தனியாக நின்றாள். ரோனா போய் அவள் ஈரக் கையைப் பிடித்துக்கொண்டாள். அழுகையை அடக்க முடியவில்லை.

"நான் மூச்சு விடலையே, ஆக்னஸ். உனக்கு எப்படித் தெரியும்?"

"ஆறு மாசமா வகுப்புல அவர் எந்தக் கையை நீட்டுறாரோ, அந்தக் கையைத்தான் நான் பிடிக்கிறேன், ரோனா. அன்னிக்குத்தான் கேமரா பார்த்துடுச்சு."