நிலவில் வேலை முடிந்தது

நிலவில் வைத்திருந்த நடுக்கம் அளக்கும் கருவிகளை அமெரிக்காக்காரர்கள் நிறுத்திவிட்டதாக மாலைச் செய்தியில் சொன்னார்கள்.

தயாவதி ரேடியோ பக்கம் திரும்பி உட்கார்ந்தாள். மகன் அஜிதநாதன் அமெரிக்கா போனதே அந்தக் கருவிகள் அனுப்பும் கோடுகளைப் படிக்கத்தான். போய் எட்டு வருடம்.

"அப்ப வேல முடிஞ்சிட்சு. இனிமே அங்க இருந்துக்கினு இன்னா பண்ணுவான்? வந்துடுவான்மா," என்றாள் மருமகளிடம்.

துணி மடித்துக்கொண்டிருந்த பிராமியின் கை நின்றது. ஒரு கணம் அவளுக்கும் அப்படித்தான் தோன்றியது. கணவனை அழைத்துவர மீனம்பாக்கத்துக்கு எந்தப் புடவையைக் கட்டிக்கொண்டு போவது என்றுகூட நினைத்துவிட்டாள்.

அதற்குள் தயாவதி, வெள்ளையடிக்க நாளைக்கே ஆள் சொல்ல வேண்டும், திருப்பருத்திக்குன்றம் கோயிலில் பூஜைக்குச் சொல்ல வேண்டும் என்று அடுக்கிக்கொண்டே போனாள்.

மகன் எழுதியதெல்லாம் அவளுக்கு மனப்பாடம். நிலவில் தண்ணீர் இல்லை. அதனால் அங்கே ஒரு நடுக்கம் வந்தால் அடங்க ஒரு மணி நேரம்கூட ஆகும். மாதம் தவறாமல் அது நடுங்கும். பிள்ளையார்பாளையத்துத் தறிக்காரர்கள் வரைக்கும் இதை அவளே சொல்லிவைத்திருந்தாள்.

கடைசிக் கடிதத்தில் வருவதைப் பற்றி ஏதாவது எழுதியிருக்கிறானா, இன்னொரு தரம் வாசி என்றாள்.

பிராமி அலமாரியிலிருந்து நீலக் கடிதத்தை எடுத்துவந்து விளக்கருகே உட்கார்ந்தாள். புரை விழுந்த தயாவதியின் கண்களுக்கு அந்த நீலம் மட்டும் தெரியும்.

"இதுலயே எழுதியிருக்காரு அத்தை. நான்தான் சரியா படிக்கல. இனிமே செவ்வாய் கிரகமாம். அங்கயும் கருவி எறக்கியிருக்காங்களாம்."

தயாவதி விளக்கின் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தாள்.

"நெலாவ விட தூரமா அது?"

ரொம்பத் தூரம் என்றாள் பிராமி. அங்கே நடுக்கம் வருவதே அபூர்வம், வருடக்கணக்கில் காத்திருந்துதான் பதிவு செய்ய வேண்டும் என்று தொடர்ந்து வாசித்தாள். குரல் பிசகவில்லை.

நான்கு வருடங்களுக்கு முன் வந்த கடிதம் அது. அதற்குப் பிறகு எதுவும் வரவில்லை; புதிதாக வந்தது என்று சொல்லி பிராமி அதையேதான் எடுத்து வாசிப்பாள்.

அதில் இரண்டே வரிகள்.

'இங்கே ஒருத்தியைக் கல்யாணம் செய்துகொண்டேன். அம்மாவிடம் நீயே பக்குவமாகச் சொல்லிவிடு.'